வடிக்காத சட்டியில் உப்பு எங்கே போகும்?

என் மேசை இழுப்பறையில் ஒரு சின்னக் கண்ணாடிப் புட்டி எப்போதும் இருக்கும். அதில் 5 கிராம் உப்பு, அதாவது தலைதட்டிய ஒரு தேக்கரண்டி. பெரியவர் ஒருவர் ஒரு நாள் முழுக்கச் சாப்பிடும் உப்பு இதற்குள் அடங்க வேண்டும் என்கிறது உலகச் சுகாதார நிறுவனம். சோடியக் கணக்கில் சொன்னால் 2,000 மில்லிகிராம். உணவியல் ஆலோசகராக நான் பார்க்கும் ஆட்களில் பாதிப் பேருக்காவது அந்தப் புட்டியை எடுத்துக் காட்ட வேண்டியிருக்கிறது.

அப்படிக் காட்டியவர்களில் ஒருவரைப் பற்றி இங்கே சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன். நாற்பதுகளின் கடைசியில் இருக்கும் பெண்மணி. வேலைக்குப் போகிறவர், பள்ளியில் படிக்கும் இரண்டு பிள்ளைகள். ஏழு மணிக்கு மேல் வீடு திரும்பி எட்டு மணிக்குள் சாப்பாடு போட்டாக வேண்டும். இரத்த அழுத்தத்துக்கு மாத்திரை எடுக்கிறார். அவருடைய உணவுக் குறிப்பேட்டில் செவ்வாயும் வியாழனும் ஒரே வரி இருந்தது: 'கோழி பாஸ்தா, ஒரே சட்டி.'

"மிஸ், கிரீம் ஊத்துறதையே விட்டுட்டேன். அப்புறமும் பிரஷர் எறங்க மாட்டேங்குது" என்றார்.

"கிரீமுக்குப் பதிலா என்ன போடுறீங்கக்கா?"

"காளான் சூப் டின் ஒண்ணு. டேஸ்ட்டுக்கு ரெண்டு சிக்கன் கியூப். வேற ஒண்ணுமில்ல."

அடுத்த முறை வரும்போது அந்தக் கியூப், அதாவது சுவைக்குப் போடும் சூப் கட்டி, ஒன்றைக் கொண்டு வரச் சொன்னேன். கொண்டு வந்தார். வெள்ளைத் தாளில் வைத்து அவர் கையாலேயே நொறுக்கச் சொன்னேன். மஞ்சள் பொடிக்கு நடுவே பளபளவென்று கல் கல்லாக உப்பு தெரிந்தது. பக்கத்தில் என் புட்டியைக் கவிழ்த்துக் கொட்டினேன். ஒரு கியூப் 10 கிராம். பல கியூப்களில் எடையில் ஏறக்குறையப் பாதி உப்புதான். ஆக, அந்தச் சின்னக் கட்டிக்குள் ஒரு ஆளின் ஒரு நாள் உப்பு. இவர் போடுவது இரண்டு. சூப் டின்னிலும் தனியாக 2,000 மில்லிகிராமுக்குக் குறையாத சோடியம். எல்லாவற்றையும் கூட்டி நான்கு தட்டுக்குப் பிரித்தால் தட்டுக்கு 1,500 மில்லிகிராம் வந்தது. காலையில் குடித்த கறிக்குழம்பும் மதியம் காப்பிக்கடையில் சாப்பிட்ட மீ சியாம் என்ற சேமியா உணவும் இன்னும் கணக்கில் வரவில்லை.

அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "பிள்ளைங்களும்தானே அதையே சாப்பிடுறாங்க" என்றார்.

சாதாரணமாகப் பாஸ்தாவை உப்புத் தண்ணீரில் வேகவைத்து வடித்துவிடுவோம். போட்ட உப்பில் பெரும்பகுதி தண்ணீரோடு தொட்டிக்குப் போய்விடும். ஒரே சட்டி முறையில் வடிப்பதே இல்லை. நம் சமையலில் இதற்கு நேரான ஒப்பீடு உண்டு. சோற்றைக் கஞ்சி வடிப்பது ஒரு விதம், பொங்கல் வைப்பது வேறு விதம். பொங்கலில் ஊற்றிய நீர், போட்ட உப்பு, அரிசியின் கஞ்சி எல்லாம் பானைக்குள்ளேயே நிற்கும். ஒரே சட்டிப் பாஸ்தாவும் பொங்கல்தான். வடிக்கும் பாஸ்தாவுக்குச் சொன்ன உப்பு அளவை இதற்குப் போட்டால் முழுவதும் வயிற்றுக்குள் போகும்.

இதே காரணத்தால் ஒரு நன்மையும் இருக்கிறது. பாஸ்தா என்பது டியூரம் கோதுமையின் ரவைதான். வேகும்போது அதன் மாவுச்சத்து தண்ணீரில் கசியும். வடிக்காததால் அந்தக் கஞ்சி சட்டியிலேயே தங்கி, கடைசியில் பால் சேர்ந்ததும் குழைந்து கெட்டியாகும். 'கிரீமி' என்று நாம் சொல்லும் அந்த வழுவழுப்பில் பெரும்பங்கு இந்தக் கஞ்சி கொடுப்பது. அதனால்தான் கிரீமும் வேண்டாம், சூப் டின்னும் வேண்டாம் என்று என்னால் அடித்துச் சொல்ல முடிகிறது.

சிங்கப்பூரில் 2022 தேசிய ஊட்டச்சத்து ஆய்வின்படி நாம் சராசரியாக ஒரு நாளைக்கு 3,620 மில்லிகிராம் சோடியம் சாப்பிடுகிறோம். 2021-22 தேசிய மக்கள் சுகாதார ஆய்வில் 37 விழுக்காட்டினருக்கு உயர் இரத்த அழுத்தம் இருந்தது. வெளியில் சாப்பிடுவதால்தான் இப்படி என்று எல்லாரும் சொல்கிறோம், அதில் உண்மையும் உண்டு. ஆனால் 'வீட்டுச் சாப்பாடு' என்ற நம்பிக்கையோடு நாமே சட்டிக்குள் போடும் கியூப்பை யாரும் எண்ணுவதில்லை. எனக்கு வருத்தம் தருவது இதுதான், ஏனென்றால் இந்தப் பெண்மணியைப் போன்றவர்கள் அக்கறையில்லாதவர்கள் இல்லை. களைத்து வந்த பிறகும் அடுப்பு மூட்டுகிறவர்கள்.

சரி, அவருக்கு நான் எழுதிக் கொடுத்த முறை இது. நாலு பேருக்கு 280 கிராம் பென்னே அல்லது ஃபுசில்லி வகைப் பாஸ்தா, தோலும் எலும்பும் நீக்கிய கோழித் தொடை 350 கிராம். சந்தையில் வாங்கினாலும் சரி, உறைந்த கோழியானாலும் சரி. 2022 ஜூனில் மலேசியா கோழி ஏற்றுமதியை நிறுத்தியபோது நம்மில் பலர் உறைந்த கோழிக்குப் பழகிக்கொண்டோம், சத்தில் சொல்லிக்கொள்ளும் குறை எதுவும் இல்லை. முந்தைய இரவே குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டுக்கு மாற்றி இளக விடுங்கள், தொட்டியில் போட்டுவைக்க வேண்டாம். சமைக்கும் முன் குழாயடியில் கழுவவும் வேண்டாம். கழுவினால் கிருமி போகாது, தொட்டியிலும் பக்கத்தில் இருக்கும் தட்டிலும் தெறிக்கும். ஈரத்தைச் சமையல்தாளில் ஒற்றி எடுத்தால் போதும்.

அடி கனமான சட்டியில் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய். கோழித் துண்டுகளைப் பரப்பிவிட்டு இரண்டு நிமிடம் கிளறாமல் விடுங்கள். இந்த இடத்தில் அவசரப்படக் கூடாது. அடிப்பக்கம் நன்றாகப் பழுப்பேற வேண்டும். கியூப் கொடுக்கும் சுவையை இந்தப் பழுப்பே கொடுக்கும். திருப்பிப் போட்டுவிட்டு ஒரு பெரிய வெங்காயம், ஐந்தாறு பல் பூண்டு, இரண்டு கைப்பிடி நறுக்கிய காளான். காளானின் தண்ணீர் வற்றி அதுவும் நிறம் மாறும்வரை வதக்குங்கள். பிறகு 750 மில்லிலிட்டர் தண்ணீர். ஊற்றியதும் சட்டியின் அடியில் ஒட்டியிருப்பதை மரக்கரண்டியால் சுரண்டிவிட்டால் தண்ணீரே ரசம் போல நிறம் மாறும். உப்பு அரைத் தேக்கரண்டி, நாலு பேருக்கும் சேர்த்து. கொதித்ததும் பாஸ்தாவைப் போட்டு, மூடியைச் சற்றுத் திறந்து வைத்துப் பத்துப் பன்னிரண்டு நிமிடம். இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை அடிவரை கிளற வேண்டும், இல்லாவிட்டால் பிடித்துக்கொள்ளும்.

கடைசி மூன்று நிமிடத்தில் நறுக்கிய சாய் சிம் கீரை ஒரு கட்டு முழுவதையும் போடுங்கள். தட்டில் பாதி காய்கறியும் பழமும், கால் பங்கு முழுத்தானியம், கால் பங்கு புரதம் என்று சுகாதார மேம்பாட்டு வாரியம் சொல்லும் கணக்குக்கு இந்தச் சட்டி மட்டும் போதாது. பக்கத்தில் வெள்ளரிக்காயோ பழமோ வைத்துவிடுங்கள்.

பால் கடைசியில்தான். காப்பிக்கடையில் தே சி என்ற பால் தேநீர் போட ஊற்றும் சீனியில்லாத டின் பால் இருக்கிறதே, அது 150 மில்லிலிட்டர். சாதாரணப் பாலைவிட எளிதில் திரியாது. அதில் கொழுப்பு ஏறத்தாழ 12 கிராம்தான். 35 விழுக்காடு கொழுப்புள்ள கிரீம் 200 மில்லிலிட்டர் ஊற்றியிருந்தால் 70 கிராம் ஆகியிருக்கும். ஆனால் டின்னை எடுக்கும்போது பெயரைக் கவனியுங்கள். 'கிரீமர்' என்று எழுதிய டின்கள் பலவற்றில் பால் கொழுப்புக்குப் பதில் செம்பனை எண்ணெய் இருக்கும். சேர்மானப் பட்டியலை ஒரு தடவை படித்தால் தெரிந்துவிடும்.

அடுப்பை அணைத்த பிறகு துருவிய சீஸ் 30 கிராம், இடித்த மிளகு தாராளமாக, அரை எலுமிச்சைப் பழத்தின் சாறு. புளிப்பும் காரமும் நாக்குக்கு உப்பின் குறையை மறைக்கும். கொதிக்கும்போது எலுமிச்சை பிழியாதீர்கள், பால் திரிந்துவிடும். இப்படிச் சமைத்தால் தட்டுக்கு 450 மில்லிகிராம் சோடியம் போல வரும்.

பொட்டாசியம் கலந்த குறைசோடிய உப்பைப் போடலாமா என்று பலர் கேட்கிறார்கள். பெரும்பாலானவர்கள் போடலாம். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களும், பொட்டாசியத்தை ஏற்றும் சில இரத்த அழுத்த மருந்துகளை எடுப்பவர்களும் மருத்துவரைக் கேட்காமல் தொடக் கூடாது. உப்பைக் குறைத்துவிட்டோமே என்று யாரும் மாத்திரையைத் தாமாக நிறுத்தவும் கூடாது.

நீரிழிவு உள்ளவர்கள் பாஸ்தா என்றாலே பயப்படுகிறார்கள். குழையாமல், கடித்தால் நடுவில் லேசான உறுதி தெரியும் பதத்தில் எடுத்தால், வெள்ளைச் சோற்றைவிட மெதுவாகத்தான் சர்க்கரை ஏறும். 280 கிராமை நாலு பேர் பிரித்துக்கொள்கிறோமா என்பதே கேள்வி. இரண்டு பேர் சாப்பிட்டால் எந்தப் பாஸ்தாவும் உதவாது.

உப்பு, சாஸ், சுவையூட்டிகள், உடனடி நூடல்ஸ், சமையல் எண்ணெய் ஆகியவற்றின் பொட்டலங்களுக்கும் 2027 நடுப்பகுதியிலிருந்து நியூட்ரி-கிரேட் என்ற, A முதல் D வரை தரம் காட்டும் முத்திரை முறை வரும் என்று சுகாதார அமைச்சு அறிவித்திருக்கிறது. அதுவரை பின்பக்கத்து எழுத்தைத்தான் படிக்க வேண்டும். 'ஒரு பரிமாறல்' என்ற கட்டத்தில் உள்ள எண் சின்னதாகத் தெரியும், அந்தப் பரிமாறல் கால் கியூப்பாக இருக்கலாம். 100 கிராமுக்கு எவ்வளவு என்ற கட்டத்தை வைத்து இரண்டு பொருள்களை ஒப்பிடுங்கள்.

வீட்டில் பணிப்பெண் சமைப்பதாக இருந்தால் வாயால் சொன்னால் போதாது. கியூப் டப்பாவையே அலமாரியிலிருந்து எடுத்துவிட்டு, அந்த இடத்தில் அரைத் தேக்கரண்டி அளவுக் கரண்டியை வையுங்கள்.

மீந்ததைப் பற்றியும் சொல்ல வேண்டும். ராத்திரி ஒரு கொதி விட்டு அடுப்பிலேயே மூடி வைப்பது நம் வீடுகளில் பழகிப்போன வழக்கம். கனமான சட்டியில் பாஸ்தா மணிக்கணக்காக வெதுவெதுப்பாகவே இருக்கும், 5 முதல் 60 டிகிரி வரையிலான வெப்பம் கிருமிகள் பெருக ஏற்றது. சோற்றிலும் பாஸ்தாவிலும் வளரும் பேசில்லஸ் சீரியஸ் என்ற கிருமி விடும் நஞ்சு, காலையில் மறுபடி கொதிக்க வைத்தாலும் அழியாது. சாப்பிட்டு முடித்ததும் அகலமான, ஆழமில்லாத டப்பாவில் பரப்பி, இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். மறுநாள் அது களியாக இறுகியிருக்கும். இரண்டு மேசைக்கரண்டி பால் தெளித்து ஆவி பறக்கச் சூடாக்கினால் இளகிவிடும். அப்போது மறுபடி உப்பு போட வேண்டாம், மிளகு மட்டும் போதும்.