ஒரு கிலோமீற்றருக்கு எத்தனை நிமிடம்?

வெள்ளவத்தையிலிருந்து காலி வீதி வழியாகக் கோட்டைக்கு 8 கிலோமீற்றர் என்றும், காலை நெரிசலில் பஸ் அதனைக் கடக்க 40 நிமிடங்கள் எடுக்கிறது என்றும், இரவு வீதி வெறிச்சோடிய பின் 20 நிமிடங்களில் திரும்பிவிடுகிறது என்றும் வைத்துக்கொள்வோம். 40 நிமிடங்களில் 8 கிலோமீற்றர் என்றால் 1 நிமிடத்தில் 0.2 கிலோமீற்றர், ஆகவே 60 நிமிடங்களில், அதாவது ஒரு மணித்தியாலத்தில், 12 கிலோமீற்றர். திரும்பும்போது கதி 24. (பாடநூல்கள் இதனைக் கதி என்கின்றன, திசையும் சேர்ந்தால்தான் அது வேகம்.)

இனி, முழுப் பயணத்தின் சராசரிக் கதி என்ன? பெரும்பாலான மாணவர்கள் 12ஐயும் 24ஐயும் கூட்டி இரண்டால் வகுத்து 18 என்று எழுதிவிடுவார்கள். ஆனால் போக வர 16 கிலோமீற்றர், எடுத்த நேரம் சரியாக ஒரு மணித்தியாலம்; எனவே சராசரி 16 தான். பஸ் ஊர்ந்து சென்ற நேரம் விரைந்து வந்த நேரத்தைப் போல் இரு மடங்கு என்பதால், மெதுவான கதியே சராசரியைத் தன் பக்கம் இழுக்கிறது. இந்த ஒரு காரணம் விளங்கிவிட்டால் சூத்திரத்தை மனனம் செய்ய வேண்டியதில்லை என்பது என் உறுதியான எண்ணம்.

இதே கணக்கை மறுபக்கமாகவும் பார்க்கலாம். ஒரு மணித்தியாலத்துக்கு எத்தனை கிலோமீற்றர் என்று கேட்பதற்குப் பதிலாக, ஒரு கிலோமீற்றருக்கு எத்தனை நிமிடம் என்று கேட்டால், காலையில் 5, இரவில் 2.5. இரு வழியும் சம தூரம் என்பதால் இவற்றைத் தயங்காமல் கூட்டி இரண்டால் வகுக்கலாம்: 3.75 நிமிடம். 60ஐ 3.75ஆல் வகுத்தால் அதே 16 கிடைக்கிறது. சம தூரமாயின் கிலோமீற்றருக்கான நிமிடங்களையும், சம நேரமாயின் மணித்தியாலத்துக்கான கிலோமீற்றர்களையும் சராசரி காண வேண்டும்.

அலகுகளில் ஓர் எச்சரிக்கை: 1 மணித்தியாலம் 30 நிமிடம் என்பது 1.5 மணித்தியாலமே, 1.30 அன்று.

காலையில் 12 கிலோமீற்றர் கதியில் சென்றவர், போக வரச் சராசரி 24 வர வேண்டுமெனில் திரும்பும்போது எவ்வளவு விரைவாக வர வேண்டும்? 16 கிலோமீற்றரை 24 என்ற கதியில் கடக்க 40 நிமிடங்களே உண்டு. அந்த 40 நிமிடங்களும் கோட்டையை அடைவதற்குள்ளேயே தீர்ந்துவிட்டன.