வாய்தா வாங்கியது யார்?

பெங்களூரு ஸ்ரீராமபுரத்தில் எங்கள் தெருவில் ஓர் அக்கா இருக்கிறார். திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து வந்தவர். ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் பல ஆண்டுகள் தையல் வேலை பார்த்தவர். அவருடைய சம்பளச் சீட்டில் மாதந்தோறும் இ.எஸ்.ஐ. என்ற தொழிலாளர் காப்பீட்டுக்கான பிடித்தம் இருந்தது. உடம்புக்கு முடியாமல் மருத்துவமனைக்குப் போனபோதுதான் சந்தா கட்டப்படவே இல்லை என்று தெரிந்தது. நிறுவனத்தின் மீது இ.எஸ்.ஐ. கழகம் குற்ற வழக்குத் தொடுத்தது. வழக்கு என்ன ஆயிற்று என்று எப்போது கேட்டாலும் அவரிடம் ஒரே பதில்: "மறுபடியும் வாய்தா வாங்கிவிட்டார்கள், தம்பி."

வாய்தாவுக்கும் தமிழ் 'வாய்'க்கும் உறவு இருப்பதுபோலத் தோன்றும், இல்லை. இது அரபிச் சொல். அதன் வேர்ச்சொல்லுக்கு 'வாக்குக் கொடுத்தல்' என்று பொருள். பாரசீகத்திலும் இந்துஸ்தானியிலும் வாக்குறுதி என்ற பொருளோடு 'குறித்த நாள்' என்ற பொருளும் சேர்ந்துகொண்டது. இந்திக்காரர்கள் இன்றும் சத்தியம் செய்வதை 'வாதா' என்கிறார்கள். ஜாமீன், ஜப்தி, வக்காலத்து, தாவா என்று நவாபு காலத்து நிருவாகத் தமிழில் குடியேறிய சொற்கூட்டத்தில் இதுவும் ஒன்று. கன்னடத்தில் 'வாயிதெ' என்றால் கெடு, காலவரம்பு.

ஆக, வாய்தா என்பது இன்ன நாளில் இதைச் செய்வேன் என்று கொடுக்கும் வாக்கு. அந்தச் சொல் நம் நீதிமன்ற வாசலில், இன்றைக்குச் செய்ய மாட்டேன் என்ற பொருளுக்குத் திரும்பிவிட்டது. இது எனக்கு ஆறாத வருத்தம்.

இந்த வழக்குகளில் அந்த வருத்தம் இரட்டிப்பாகிறது. இ.எஸ்.ஐ. சந்தாவே ஒரு வாய்தாதான். 2019 ஜூலை முதல் தொழிலாளியின் பங்கு சம்பளத்தில் 0.75 விழுக்காடு, முதலாளியின் பங்கு 3.25 விழுக்காடு. 16,000 ரூபாய் சம்பளமென்றால் அக்காவிடம் 120 ரூபாய் பிடிக்க வேண்டும், நிறுவனம் 520 போட வேண்டும், 640 ரூபாயும் அடுத்த மாதம் 15-ஆம் தேதிக்குள் கழகத்துக்குப் போய்ச் சேர வேண்டும். பிடித்த அந்த 120 ரூபாயைத் தொழிலாளி நம்பி ஒப்படைத்த பணமாகவே, 2025 நவம்பர் வரை நடப்பிலிருந்த 1948-ஆம் ஆண்டு இ.எஸ்.ஐ. சட்டத்தின் 40-ஆவது பிரிவு கருதியது. பிடித்துவிட்டுக் கட்டாதவருக்கு அதன் 85-ஆவது பிரிவின்படி ஓராண்டுக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறை, 10,000 ரூபாய் அபராதம் என்றிருந்தது. கடுமையான பிரிவுதான். ஆனால் வழக்கு விசாரணைக்கு வந்தால் அல்லவா?

தொழிற்சாலை இடம் மாறிவிட்டதென்று சம்மன் திரும்பி வரும். குற்றம் சாட்டப்பட்டவருக்கு உடல்நலமில்லை என்று ஒரு மனு வரும். புகார் கொடுத்த அதிகாரி இடமாற்றலாகியிருப்பார். தொகையே தவறு என்று, இ.எஸ்.ஐ. தகராறுகளை விசாரிக்கும் ஈட்டுறுதி நீதிமன்றத்தில் தனி வழக்கு ஓடும். அது முடியட்டும் என்பார்கள். தனித்தனியே பார்த்தால் எல்லாம் சின்னக் காரணங்கள். 2010-இல் பிடித்த சந்தாவைக் கட்டாத ஒரு கர்நாடக வழக்கில் உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதிசெய்தது 2025 ஜூலையில். 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 346-ஆவது பிரிவு, கைமீறிய சூழல் இருந்தால்கூட இரண்டு தடவைக்கு மேல் ஒத்திவைக்கலாகாது என்கிறது. அதையும் மறுதரப்பைக் கேட்டு, காரணத்தை எழுதித்தான் தர வேண்டும். மறுதரப்பு என்பது கழகம். பணத்தை இழந்த அக்கா அங்கே வெறும் சாட்சி. அடுத்த தேதியைக்கூட அவர் யாரிடமாவது கேட்டுத்தான் தெரிந்துகொள்கிறார்.

சரி, தமிழில் என்ன சொல்வது? நாளிதழ்கள் 'ஒத்திவைப்பு' என்கின்றன. நல்ல சொல், ஒத்துதல் என்றால் விலகுதல், 'கொஞ்சம் ஒத்திப்போ' என்கிறோமே, அதுதான். வீட்டை அடகு வைக்கும் ஒத்தி வேறு. அது 'ஒற்றி'யின் திரிபு. கன்னட நாளிதழ்களின் 'முந்தூடிகெ'யும், முன்னே தள்ளுவது என்று, ஏறக்குறைய இதே படத்தைத்தான் காட்டுகிறது.

ஆனாலும் ஒத்திவைப்பு முழு ஈடாகாது. 'வழக்கு ஒத்திவைக்கப்பட்டது' என்று எழுதினால் கேட்டவர் யார் என்பது மறைந்துபோகிறது. அக்காவின் வாக்கியத்தில் அது மறையவில்லை. 'வாங்கிவிட்டார்கள்' என்கிறார்; வாங்கியவர்கள் இருக்கிறார்கள். அந்த வினைமுதலைக் காப்பாற்றும் தமிழ்ச் சொல் 'தவணை'. கடன்காரர் கேட்பது தவணை. மாதம் 15-ஆம் தேதி தப்பியதும் தவணை. கட்ட வேண்டிய தவணையைத் தப்பவிட்டவரே நீதிமன்றத்தில் இன்னொரு தவணை கேட்கிறார் என்று எழுதும்போது நடப்பது அப்படியே தெரிகிறது.

ஆகவே நீதிமன்றம் செய்வதற்கு ஒத்திவைப்பையும், தரப்பினர் கேட்டு வாங்குவதற்குத் தவணையையும் வைத்துக்கொள்ளலாம். அக்கா சொன்னதை நான் எழுத்தில் இப்படித் தருவேன்: நிறுவனத்தின் தரப்பில் மறுபடியும் தவணை கேட்டார்கள், நீதிமன்றம் வழக்கை ஒத்திவைத்தது.