தண்டனைக் குறைப்பும் சீர்திருத்தக் கண்காணிப்பும்: தென்னாப்பிரிக்க மேல்முறையீட்டில் என்ன கேட்கலாம்?

டர்பன் வட்டாரத்தின் சாட்ஸ்வொர்த்திலோ வெருலத்திலோ உள்ள நீதிமன்றத்தில் ஒருவருக்குச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டதும் வீட்டார் கேட்கும் முதல் கேள்வி, "அப்பீல் போட்டால் குறையுமா?" என்பதுதான். குறையலாம். ஆனால் உயர் நீதிமன்றம் வழக்கை மீண்டும் முதலிலிருந்து விசாரிப்பதில்லை. கீழ் நீதிமன்றத்தின் பதிவில் ஏறியிருப்பதைப் படித்தே முடிவெடுக்கிறது. பிள்ளைகளை யார் வளர்க்கிறார்கள், வேலை நிரந்தரமா, நோய் உண்டா, எடுத்த பணத்தில் எவ்வளவு திருப்பிக் கொடுக்கப்பட்டது என்பவை தண்டனை விதிக்கும் கட்டத்தில் சொல்லப்படாமல் போனால், பிறகு அவற்றைச் சேர்ப்பது மிகக் கடினம். ஆகவே தண்டனைக் குறைப்புக்கான வேலை, தீர்ப்புக்கும் தண்டனைக்கும் இடைப்பட்ட நாட்களிலேயே தொடங்கிவிட வேண்டும்.

மாஜிஸ்திரேட் நீதிமன்றம், அதைவிடக் கடுமையான குற்றங்களை விசாரிக்கும் மண்டல நீதிமன்றம் ஆகிய இரண்டிலிருந்தும் மேல்முறையீடு செய்ய 1977ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டப்படி முதலில் அனுமதி பெற வேண்டும். தண்டனை விதித்த நீதிமன்றத்திடமே 14 நாட்களுக்குள் அதைக் கேட்க வேண்டும்; மறுக்கப்பட்டால், 21 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்துக்கு மனுச் செய்யலாம். டர்பன் அடங்கிய குவாசுலு-நட்டால் மாகாணத்தின் உயர் நீதிமன்றத்துக்குத் தலைமை இருக்கை பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் உள்ளது. மண்டல நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்திருந்தால் அனுமதி தேவையில்லை. கெடு தவறினால், தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டி மன்னிப்புக் கோர வேண்டியிருக்கும். மேல்முறையீடு செய்துவிட்டாலே சிறைவாசம் நின்றுவிடும் என்ற எண்ணம் நம்மவர்களிடையே பரவலாக இருக்கிறது, அது தவறு. வெளியில் இருந்தபடி காத்திருக்க, பெயிலுக்குத் தனியே விண்ணப்பித்து உத்தரவு பெற வேண்டும்.

தண்டனையின் அளவைத் தீர்மானிப்பது முதன்மையாக விசாரணை நீதிமன்றத்தின் பொறுப்பு என்பதால், "நாங்களாக இருந்தால் கொஞ்சம் குறைத்திருப்போம்" என்பதற்காக மட்டும் மேல்முறையீட்டு நீதிபதிகள் அதில் கைவைப்பதில்லை. கீழ் நீதிமன்றம் முக்கியமான ஒன்றைக் கவனிக்கத் தவறியிருக்க வேண்டும், அல்லது சட்டத்தைத் தவறாகப் பொருத்தியிருக்க வேண்டும், அல்லது விதித்த தண்டனை குற்றத்துக்கும் குற்றவாளிக்கும் சற்றும் பொருந்தாத அளவுக்குக் கடுமையாக இருக்க வேண்டும். 1997ஆம் ஆண்டின் 105ஆம் எண் சட்டம் குறைந்தபட்சத் தண்டனை நிர்ணயித்த குற்றங்களில் இன்னொரு தடையும் உண்டு. உதாரணமாக, 5 லட்சம் ராண்டுக்கு மேற்பட்ட மோசடிக்கு, அது முதல் குற்றமாக இருந்தாலும் 15 ஆண்டுகள். அதற்குக் கீழே இறங்க, கணிசமான, வலுவான காரணங்கள் இருப்பதாக நீதிமன்றம் காண வேண்டும்.

சிறைக்கு மாற்றாக இரண்டு வழிகள் அதிகம் கேட்கப்படுகின்றன. ஒன்று, தண்டனையை முழுவதுமாகவோ பகுதியாகவோ நிபந்தனையுடன் 5 ஆண்டுகள் வரை நிறுத்திவைப்பது. மற்றொன்று, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 276ஆம் பிரிவின்கீழ் வரும் சீர்திருத்தக் கண்காணிப்பு. இதில் ஒருவர் பொதுவாக 3 ஆண்டுகள் வரை வீட்டுக் காவல், சமூகப் பணி, ஆலோசனை வகுப்பு போன்ற கட்டுப்பாடுகளுடன் தம் வீட்டிலேயே தண்டனையைக் கழிக்கிறார். அதே பிரிவின் மற்றொரு விதிப்படி, 5 ஆண்டுகளுக்கு மேற்படாத சிறைத்தண்டனை விதித்து, அதில் ஆறில் ஒரு பங்கு கழிந்தபின் கண்காணிப்புக்கு மாற்றுவதைச் சிறைத்துறையின் முடிவுக்கு விடவும் முடியும்.

கண்காணிப்புத் தண்டனை விதிக்கும் முன் நன்னடத்தை அதிகாரியின் அல்லது சீர்திருத்த அதிகாரியின் அறிக்கை கட்டாயம் தேவை. அதனால்தான் அந்த அறிக்கையைக் கேட்டுப் பெறும்படி வழக்கறிஞரை வற்புறுத்துங்கள் என்று நான் எல்லாரிடமும் சொல்கிறேன். அதிகாரி வீட்டுக்கு வரும்போது சம்பளச் சீட்டு, வாடகை ரசீது, பிள்ளைகளின் பள்ளி அறிக்கை, மருத்துவமனை அட்டை எல்லாம் மேசைமேல் தயாராக இருக்கட்டும். காலையில் பிள்ளையைப் பள்ளிக்குக் கொண்டுவிடுவது யார், படுத்த படுக்கையாக உள்ள பாட்டிக்கு மாத்திரை கொடுப்பது யார் என்பதை மறைக்காமல், கூட்டாமல் சொல்ல வேண்டும். வெட்கத்தால் வாய் மூடியிருக்கும் குடும்பங்கள் தமக்கே தீங்கு செய்துகொள்கின்றன.

இத்தகைய குடும்ப விவரங்களுக்கு உள்ள எடையை 2007ஆம் ஆண்டு அரசியலமைப்பு நீதிமன்றம் அளித்த ஒரு தீர்ப்பில் காணலாம். மோசடிக்காக 4 ஆண்டுச் சிறைத்தண்டனை பெற்ற ஒரு தாய், மூன்று மகன்களைத் தனியே வளர்த்துவந்தார். பிள்ளைகளின் நலனைக் கீழ் நீதிமன்றங்கள் போதிய அளவு தனித்து எடைபோடவில்லை என்று கண்ட நீதிமன்றம், பிள்ளைகளுக்காக ஒருவரை நியமித்து அவர்களின் நிலையைக் கேட்டறிந்து, எஞ்சிய சிறைத்தண்டனையை நிறுத்திவைத்தது. 3 ஆண்டுக் கண்காணிப்பு, சமூகப் பணி, ஏமாற்றப்பட்டவர்களுக்குப் பணத்தைத் திருப்பித் தருதல் ஆகிய நிபந்தனைகளையும் விதித்தது. பிள்ளைகள் இருந்தாலே சிறை கிடையாது என்று இதற்குப் பொருளில்லை. 2011இல் வந்த இன்னொரு வழக்கில், தந்தையும் அதே வீட்டில் பிள்ளைகளுடன் இருந்ததால் தாயின் கோரிக்கை ஏற்கப்படவில்லை.

மேல்முறையீட்டில் தண்டனை கூடவும் வாய்ப்பு உண்டு. அப்படிக் கூட்ட எண்ணும் நீதிமன்றம் முன்கூட்டியே அறிவிப்புக் கொடுத்து, பதில் சொல்ல வாய்ப்பளிக்க வேண்டும் என்று 2012இல் அரசியலமைப்பு நீதிமன்றம் தீர்மானித்தது. அத்தகைய அறிவிப்பு வந்தால், மேல்முறையீட்டைத் தொடர்வதா என்பதை அன்றே வழக்கறிஞருடன் பேசுங்கள்.

வழக்கறிஞர் கட்டணம் கட்ட இயலாதவர்கள், அரசு சட்ட உதவி அமைப்பான லீகல் எய்டு சவுத் ஆப்பிரிக்கா அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம். வருமானத்தோடு மேல்முறையீட்டின் வெற்றி வாய்ப்பையும் அவர்கள் பார்ப்பார்கள். வழக்கு எண், தண்டனை விதித்த நாள், நீதிமன்றத்தின் பெயர் ஆகிய மூன்றையும் எழுதிக்கொண்டு, 14 நாள் கெடு முடியும் முன் போதிய அவகாசம் இருக்கும்படி முதல் வாரத்திலேயே செல்லுங்கள்.