பந்து போன பிறகுதான் கைக்குத் தெரியும்

"அஷ்வின் டெஸ்டில் ஐந்நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்தவர், ஆறு சதமும் அடித்தவர். கபில்தேவைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். பந்து வீசுகிறவர் மட்டையும் சுழற்றுவது நமக்குப் பழகிய சங்கதி. ஓட்டானி அதையே பேஸ்பாலில் செய்தால் அமெரிக்காவே ஏன் வாயைப் பிளக்கிறது?" என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. பதிலில் கொஞ்சம் இயற்பியல் இருக்கிறது, கொஞ்சம் உடலியல் இருக்கிறது. நடுவில் எனக்கு மிகவும் பிடித்த ஒரு மில்லி விநாடியும் இருக்கிறது.

முதலில் நடந்தது என்ன என்று பார்த்துவிடலாம். 2025 அக்டோபர் 17, லாஸ் ஏஞ்சல்ஸ். மில்வாக்கி புரூவர்ஸ் அணியை அன்று ஜெயித்துவிட்டால் ஓட்டானியின் டாட்ஜர்ஸ் அணி இறுதிக் கட்டமான உலகத் தொடருக்குப் போகலாம். ஜப்பான்காரரான ஷோஹெய் ஓட்டானிதான் பிட்சர். நம் கணக்கில் பௌலர். எதிரணியின் முதல் ஆளை இலவசமாக முதல் பேஸுக்கு, அதாவது ரன் ஓட்டத்தின் முதல் நிறுத்தத்துக்கு, நடக்கவிட்டார். அடுத்த மூவரையும் வரிசையாக ஸ்ட்ரைக் அவுட் செய்தார், அதாவது பந்தைச் சரியாக அடிக்கவே விடாமல் வெளியேற்றினார். வீசிவிட்டு வந்த சூட்டோடு மட்டையை எடுத்துக்கொண்டு முதல் ஆளாக இறங்கி ஹோம் ரன் அடித்தார். வேலியைத் தாண்டும் அடி, நம் சிக்ஸர் மாதிரி. பேஸ்பாலில் ஓர் ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ், ஒவ்வொன்றிலும் இரு அணியும் ஒருமுறை அடிக்கும். நான்காவது இன்னிங்ஸில் அடித்தது 143 மீட்டர் போனது. வலப்பக்கப் பார்வையாளர் கூடத்தின் கூரையையும் தாண்டி மைதானத்துக்கு வெளியே விழுந்தது. ஏழாவதில் மூன்றாவது ஹோம் ரன். இதற்கிடையே ஆறு இன்னிங்ஸ் வீசி, 10 ஸ்ட்ரைக் அவுட் எடுத்து, ஒரு ரன்கூட விட்டுக்கொடுக்கவில்லை. டாட்ஜர்ஸ் 5-1 என்று ஜெயித்தார்கள்.

பிட்சர்கள் இப்படி அடித்ததே இல்லை என்று நினைக்க வேண்டாம். 1942இல் பாஸ்டன் பிரேவ்ஸின் ஜிம் டோபின் ஒரே ஆட்டத்தில் மூன்று ஹோம் ரன் அடித்தார். 1966 ஜூலையில் அட்லாண்டாவின் டோனி குளோனிங்கர் ஒரே ஆட்டத்தில் இரண்டு கிராண்ட் ஸ்லாம் அடித்தார். மூன்று பேஸிலும் ஆள் நிற்கும்போது அடிக்கும் ஹோம் ரன்னுக்குத்தான் அந்தப் பெயர். ஒன்றுக்கு நான்கு ரன். பிட்சர்களில் வேறு யாருக்கும் இன்றுவரை அது வாய்க்கவில்லை. 1971 ஜூனில் பிலடெல்பியாவின் ரிக் வைஸ், சின்சினாட்டிக்கு ஒரு ஹிட்கூட (பந்தை அடித்துப் பத்திரமாகப் பேஸை எட்டுவது) கொடுக்காமல் முழு ஆட்டத்தையும் வீசி, அதே ஆட்டத்தில் இரண்டு ஹோம் ரன்னும் அடித்தார். ஆனால் இவையெல்லாம் நூறு ஆண்டு வரலாற்றில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடப்பவை. பிட்சர்கள் மட்டை பிடித்த கடைசி ஆண்டான 2021இல் மொத்தப் பிட்சர்களும் சேர்ந்து பத்துக்கு ஒன்று என்ற அளவில்தான் ஹிட் எடுத்தார்கள். சாதாரண பேட்டர்கள் நான்குக்கு ஒன்று எடுக்கிறார்கள்.

பிட்சருக்கு உடல் பலம் போதாதா? இல்லை. பலம் தாராளமாக இருக்கிறது. எது இல்லை என்பதைப் பார்ப்பதற்கு முன், பந்து அவ்வளவு தூரம் போவது எப்படி என்று பார்ப்போம்.

பந்தின் எடை சுமார் 145 கிராம். தக்கையும் ரப்பரும் கொண்ட உள்ளுருண்டை, அதைச் சுற்றி நூற்றுக்கணக்கான மீட்டர் கம்பளி நூல், மேலே மாட்டுத்தோல். மட்டை சுமார் 900 கிராம். உருளை மட்டை, உருண்டைப் பந்து. இரண்டும் தொடும் இடம் ஒரு சென்டிமீட்டர் பிசகினாலும் பந்து வானத்துக்குப் போகும் அல்லது தரையில் உருளும். நம் கிரிக்கெட் மட்டையின் தட்டையான முகம் தரும் சலுகை இங்கே இல்லை.

அடிபட்ட பந்தின் வேகத்துக்கு ஒரு எளிய சூத்திரம் உண்டு. மரமட்டையின் நல்ல பகுதியில் பட்டால், வந்த பந்தின் வேகத்தில் 0.2 பங்கையும் மட்டையின் வேகத்தில் 1.2 பங்கையும் கூட்டிக்கொள்ளலாம். பந்து 140 கி.மீ. வேகத்தில் வருகிறது, மட்டையின் அந்தப் பகுதி 130 கி.மீ. வேகத்தில் எதிரே வருகிறது என்றால் 28 + 156 = 184 கி.மீ. ஓட்டானியின் மூன்றாவது ஹோம் ரன் ஏறத்தாழ அந்த வேகத்தில்தான் கிளம்பியது. "வேகமாக வரும் பந்து தானாகவே தூரம் போகும்" என்று நம் வர்ணனையாளர்களும் சொல்வதுண்டு. அதில் உண்மை ஓரளவுதான். பந்தின் வேகம் 10 கி.மீ. கூடினால் அடியில் 2 கி.மீ.தான் கூடும். மட்டையின் வேகம் 10 கூடினால் 12 கூடும். ஆறு மடங்கு வித்தியாசம். அதனால் ஹோம் ரன் வேண்டும் என்றால் மட்டையின் வேகம்தான் முதல் கவலை.

இனி அந்த மில்லி விநாடிக்கு வருகிறேன். பந்தும் மட்டையும் ஒட்டியிருக்கும் நேரம் ஒரு விநாடியின் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் குறைவு, சுமார் 0.7 மில்லி விநாடி. அந்த நேரத்துக்குள் பந்து நசுங்கி நின்று, எதிர்த்திசையில் முழு வேகம் பெற்றாக வேண்டும். உந்த மாற்றத்தை நேரத்தால் வகுத்துப் பாருங்கள், பள்ளிக் கணக்குதான். சராசரி விசையே ஏறத்தாழ இரண்டு டன் எடைக்குச் சமமாக வரும், உச்ச விசை மூன்றரை டன்னைத் தொடும். மூன்றரை டன்னை எந்த மணிக்கட்டு தாங்கும்? எந்த மணிக்கட்டும் தாங்க வேண்டியதில்லை என்பதுதான் அழகு.

பந்து பட்ட இடத்தில் மட்டை லேசாக வளைகிறது. கொடிக்கயிற்றின் ஒரு முனையைச் சுண்டினால் ஒரு மேடு மறுமுனை வரை ஓடித் திரும்பி வருமே, அதுபோல அந்த வளைவு மரத்தின் வழியே கைப்பிடியை நோக்கி ஓடுகிறது. மரம் எவ்வளவு விறைப்பானாலும் வளைவு ஓடுவதற்கு நேரம் வேண்டும். அது கைப்பிடியைத் தொட்டு, அங்கே கை இருக்கிறது என்ற செய்தியோடு திரும்பி வருவதற்குள் பந்து மட்டையை விட்டுப் போய்விடுகிறது. மரமட்டையின் அடிப்படை அதிர்வெண் சுமார் 170 ஹெர்ட்ஸ், அதாவது ஒரு முழு அலைவுக்கு ஆறு மில்லி விநாடி. பந்து தொட்டிருந்ததோ அதில் எட்டில் ஒரு பங்கு நேரம். மறுமுனையை யாராவது பிடித்திருக்கிறார்களா என்பது பந்துக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வழியே இல்லை.

ஆகவே, அடிக்கும் கணத்தில் இறுக்கிப் பிடித்தால் தூரம் போகும் என்பது சரியல்ல. மட்டையைக் கையில் பிடித்தாலும், கயிற்றில் சும்மா தொங்கவிட்டாலும், ஒரே வேகத்தில் ஒரே இடத்தில் பட்ட பந்து ஒரே வேகத்தில்தான் திரும்புகிறது. ஆய்வுக்கூடத்தில் இதைக் காட்டியிருக்கிறார்கள். ஆட்டக்களத்திலும் ஒருமுறை தற்செயலாக நடந்தது. 2012இல் சின்சினாட்டியின் டாட் ஃபிரேஸியர் எட்டி அடித்த ஒரு பந்து. மெதுவாக ஓட்டிய காட்சியில், பந்தைச் சந்திக்கும் தருணத்திலேயே மட்டை அவர் கையை விட்டு நழுவி அந்தரத்தில் இருக்கிறது. பிடிக்க ஆளில்லாத மட்டை. பந்து வேலியைத் தாண்டி ஹோம் ரன். இலினாய் பல்கலைக்கழக இயற்பியலர் ஆலன் நேத்தன் பல ஆண்டுகளாகச் சமன்பாட்டில் சொல்லிவந்ததைத் தொலைக்காட்சியே போட்டுக் காட்டிவிட்டது. இந்தக் காட்சியை எத்தனை தரம் பார்த்தாலும் எனக்குச் சலிப்பதில்லை.

அப்படியானால் தப்பாக அடித்தால் கை விண்ணென்று வலிக்கிறதே, அது ஏன்? அந்த வலி பந்து போன பிறகு வந்து சேரும் அதிர்வு. மட்டையின் அகன்ற முனையிலிருந்து சுமார் 15 சென்டிமீட்டர் உள்ளே, முதல் இரண்டு அதிர்வு முறைகளின் கணுக்கள், அதாவது மட்டை அதிரும்போதும் அசையாத புள்ளிகள், நெருங்கி அமைந்திருக்கின்றன. கணுவில் தட்டினால் அந்த அதிர்வு எழாது. அங்கே பட்டால் கைக்கு ஒன்றும் தெரியாது, ஆற்றலும் மரத்தின் நடுக்கத்தில் வீணாகாது. "அடித்ததே தெரியவில்லை" என்று பெரிய அடி அடித்தவர்கள் சொல்வார்கள். அது சத்தியமான வார்த்தை.

மில்லி விநாடிக்குள் கைக்கு வேலை இல்லை என்றால் எல்லா வேலையும் அதற்கு முன்பே முடிந்திருக்க வேண்டும். மட்டையின் வேகம் தரையில் தொடங்குகிறது. முன்கால் ஊன்றி நிற்கிறது, இடுப்பு திரும்புகிறது. இடுப்பு வேகம் குறையும்போது அந்தச் சுழற்சி மார்புக்குப் போகிறது, மார்பிலிருந்து தோளுக்கு, தோளிலிருந்து கைக்கு. ஒவ்வொரு கட்டமும் முந்தைய கட்டம் பிரேக் பிடிக்கும்போது வேகம் எடுக்கிறது. பிட்சர் பந்தை எறிவதும் இதே வரிசையில்தான். எறியும்போது தோள் உள்நோக்கிச் சுழலும் வேகம் விநாடிக்கு சுமார் 7,000 பாகை. மனித உடலின் மிக வேகமான அசைவுகளில் ஒன்று. காலில் பிறந்த வேகத்தைச் சிந்தாமல் விரல் நுனிக்குக் கொண்டுபோகத் தெரிந்தவரிடம் மட்டை வேகத்துக்கான சரக்கு ஏற்கெனவே இருக்கிறது.

ஓட்டானியிடம் இன்னொரு விசேஷம். அவர் வலக்கையால் எறிகிறார், இடப்பக்க பேட்டராக அடிக்கிறார். எறியும்போது அவர் உடல் ஒரு திசையில் சுழல்கிறது, அடிக்கும்போது நேரெதிர்த் திசையில். நூறு ஆண்டுக்கு முன் எறிந்தும் அடித்தும் புகழ்பெற்ற பேப் ரூத் இரண்டையும் இடப்பக்கமாகவே செய்ததால் அவருக்கு ஒரே சுழற்சி போதுமாயிருந்தது. ஓட்டானியின் வலது முழங்கையில் 2018இல் ஒரு தரமும் 2023இல் ஒரு தரமும் அறுவை சிகிச்சை நடந்தது. எறியும்போது முழங்கையின் உட்பக்கத் தசைநார் இழுபடுகிறது. இடப்பக்க பேட்டருக்கு வலக்கை முன்னால் போகும் கை, அந்தத் தசைநாரில் அப்படிப்பட்ட இழுவிசை இல்லை. 2024 முழுக்க ஒரு பந்துகூட வீச முடியாத அதே கையோடு 54 ஹோம் ரன் அடித்தார்.

பிட்சர்களிடம் இல்லாதது கண்ணின் பழக்கம். 153 கி.மீ. வேகத்தில் எறிந்த பந்து பேட்டரை அடைய 0.4 விநாடி. அதில் மட்டையைச் சுழற்றி முடிக்கவே 0.15 விநாடி போய்விடும். கண் பார்த்ததை மூளை வாங்கிக்கொள்ள சுமார் 0.1 விநாடி. எஞ்சிய 0.15 விநாடிக்குள் இது எந்த வகைப் பந்து, எங்கே வரும், அடிப்பதா விடுவதா என்று தீர்மானிக்க வேண்டும். கடைசி ஒன்றரை மீட்டரில் பந்தைத் தொடர எந்த மனிதக் கண்ணாலும் முடியாது. அவ்வளவு விரைவாகக் கோணம் மாறுகிறது. பேட்டர் அடிப்பது மனதில் கணித்து வைத்த பந்தை. அந்தக் கணிப்பு ஆயிரக்கணக்கான பந்துகளை ஆட்ட வேகத்தில் எதிர்கொண்டால்தான் வரும். அங்குள்ள இரு பெரிய லீக்குகளில் ஒன்றான அமெரிக்கன் லீக் 1973லேயே பிட்சருக்குப் பதிலாக அடிக்க மட்டும் ஓர் ஆளை அனுமதித்துவிட்டது. 2022 முதல் இரு லீக்கிலும் அதுதான் விதி. திறமை இருந்த பிட்சர்களும் பழக்கம் விட்டுப்போய் மழுங்கினார்கள். கிரிக்கெட்டில் பதினொரு பேரும் மட்டை பிடித்தே ஆக வேண்டும். அஷ்வினுக்குப் பதினாறு வயதில் யாரும் "நீ பௌலர், மட்டையைத் தொடாதே" என்று சொல்லவில்லை. வாசகரின் கேள்விக்கு என் நேரடிப் பதில் இதுதான்.

ரூத் பெயர் வந்துவிட்டதால் ஒன்றைச் சொல்லாமல் விட மனமில்லை. 1918இல் பாஸ்டன் ரெட் சாக்ஸுக்காக பிட்சராக 13 ஆட்டங்கள் ஜெயித்து, 11 ஹோம் ரன்னும் அடித்தவர். அடுத்த ஆண்டு முடிவில் அவரை நியூயார்க் யாங்கீஸுக்கு விற்றார்கள். பிறகு 2004 வரை ரெட் சாக்ஸ் உலகத் தொடரை ஜெயிக்கவில்லை. அதை "பேம்பினோவின் சாபம்" என்று படித்தவர்களும் பேசினார்கள். பேம்பினோ என்பது ரூத்தின் செல்லப்பெயர். எனக்கு இந்த வகைப் பேச்சு அறவே பிடிக்காது. தலைமுறைக்கு ஒருவராக வருகிற ஆட்டக்காரரைக் காசுக்கு விற்றது மனிதர்கள் எடுத்த முடிவு. சாபம் என்று சொன்ன மாத்திரத்தில் அந்த முடிவை எடுத்தவர்களுக்குப் பொறுப்பு இல்லாமல் போகிறது. ரூத்தை எப்படிப் புரிந்துகொள்ள வேண்டும் என்பதை 1921இல் கொலம்பியா பல்கலைக்கழக உளவியலர்கள் காட்டினார்கள். அவரை ஆய்வுக்கூடத்துக்கு அழைத்துப் போய்க் கண், காது, கை ஒருங்கிணைப்பை அளந்தார்கள். அன்றைய கருவிகள் கரடுமுரடானவை, ஆனாலும் கேட்ட கேள்வி சரியான கேள்வி.

"பந்து எப்படி எகிறுகிறது என்று ஆராயவா பணம்?" என்று கேட்பவர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் பீரங்கி போன்ற கருவியால் பந்தை மட்டை மீது எய்து அளக்கும் கூடம் இருக்கிறது. இத்தகைய அளவீடுகளை அடிப்படையாகக் கொண்டுதான் அமெரிக்கக் கல்லூரி ஆட்டங்களில் 2011 முதல் உலோக மட்டைகளின் துள்ளலுக்கு வரம்பு வைத்தார்கள். உலோக மட்டையில் பட்டுத் திரும்பும் பந்து, வீசி முடித்துத் தடுமாறி நிற்கும் இளம் பிட்சரின் முகத்துக்கு நேராக வரக்கூடியது. கிரிக்கெட்டில் இவ்வளவு பணம் புரளும் நம் நாட்டில், அதில் ஒரு துளியைப் பல்கலைக்கழக இயற்பியல் துறைகளுக்குக் கொடுத்து மட்டையையும் பந்தையும் தலைக்கவசத்தையும் அளக்கச் சொல்ல வேண்டும். இதை நான் விளையாட்டாகச் சொல்லவில்லை.

கடைசியாக, அந்த மூன்றாவது ஹோம் ரன்னைப் பற்றி ஒரு விவரம். அதை அடித்தபோது ஓட்டானி பிட்சராக இல்லை. ஏழாவது இன்னிங்ஸின் முதல் பாதியில் இருவர் பேஸுக்கு வந்ததும் அவரை வீச்சிலிருந்து எடுத்துவிட்டார்கள். பழைய விதிப்படி, தன் இடத்தில் தானே அடிக்கும் பிட்சர் வீச்சிலிருந்து போனால் மட்டையும் போய்விடும். வேறு இடத்தில் ஃபீல்டிங் செய்தால்தான் ஆட்டத்தில் நீடிக்கலாம். 2022இல் அதை மாற்றி, வீச்சு முடிந்தாலும் அடிப்பவராக மட்டும் தொடரலாம் என்றார்கள். அதற்கு வழங்கும் பெயர் ஓட்டானி விதி. அந்த விதியின் தயவில்தான் அதே இன்னிங்ஸின் மறுபாதியில் அவர் மீண்டும் மட்டையோடு வந்து நின்றார்.