சொல் விளக்கம்: ஒட்டோ நோர்மால்ஃபெர்ப்ரௌகர்

ஜெர்மன் நாளிதழ்களில் பால் விலையோ மின்கட்டணமோ ஏறும்போதெல்லாம் 'ஒட்டோ நோர்மால்ஃபெர்ப்ரௌகர்' என்றொருவர் தவறாமல் தலைகாட்டுவார். அப்படி யாரும் கிடையாது. சராசரிக் குடிமகனுக்கு அந்நாட்டார் வைத்திருக்கும் பெயர் அது. அகராதியிலும் ஏறிவிட்டது.

ஒட்டோ என்பது ஆண்களுக்கு இடும் சாதாரணப் பெயர். பின்னால் ஒட்டியிருப்பதுதான் விநோதம். 'ப்ரௌகன்' என்றால் தேவைப்படுதல், பயன்படுத்துதல். 'ஃபெர்' என்னும் முன்னொட்டு சேர்ந்தால் பயன்படுத்தித் தீர்த்துவிடுதல் என்றாகும். ஆக, 'வழக்கமான அளவில் செலவழிப்பவர்'. எந்தக் குடும்பத்துக்கும் இப்படியொரு பெயர் இருந்ததில்லை. இது அரசு அலுவலகத்தில் பிறந்த சொல்.

1939 ஆகஸ்ட் இறுதியில், போர் வெடிப்பதற்குச் சில நாள் முன்பே, ஜெர்மனியில் உணவுப் பங்கீடு வந்துவிட்டது. கடும் உழைப்பாளிகளுக்கு ரொட்டியும் இறைச்சியும் கொழுப்பும் கூடுதலாகக் கிடைத்தன. எந்தச் சலுகைக்கும் உரிமையில்லாதவர் 'நோர்மால்ஃபெர்ப்ரௌகர்'. போர் முடிந்தும் பங்கீட்டு அட்டை போகவில்லை, அளவுதான் சுருங்கியது. பெர்லினில் கடைசிப் பிரிவான ஐந்தாம் எண் அட்டைக்கு, மேலுலகம் போகும் அட்டை என்று பொருள்படும்படி மக்களே பெயர் சூட்டினார்கள். பசியிலும் குசும்பு குறையவில்லை.

இந்த வறட்டுச் சொல்லுக்கு முகம் கொடுத்தது 1948இல் வந்த 'பெர்லினர் பலாடெ' என்ற படம். கியூன்டர் நொய்மன் எழுத, ராபர்ட் ஸ்டெம்லெ இயக்கினார். 2048ஆம் ஆண்டிலிருந்து நூறாண்டு பின்னோக்கிப் பார்ப்பதுபோல் கதை தொடங்கும். போரிலிருந்து பெர்லினுக்குத் திரும்பும் ஒட்டோவைச் சுற்றி இடிபாடு, கள்ளச்சந்தை, படிவங்கள். ஒட்டோவாக நடித்தவர் கெர்ட் ஃப்ரோபெ (1913–1988). சாக்சனிக்காரர், வயலின் வாசித்தவர், நாடக அரங்கில் காட்சித் திரை தீட்டியவர். தொளதொளத்த உடையும் குச்சி உடம்புமாக அவர் நடந்து வந்தாலே போதும், பங்கீட்டு அளவைத் தனியே விளக்க வேண்டியதில்லை.

அதே மனிதர் பிறகு பருத்தார். மேற்கு ஜெர்மனியில் 1950இல் பங்கீடு முடிந்தது. அடுத்த ஆண்டுகளில் நாடும் செழித்தது, ஃப்ரோபெயின் இடுப்பும் அகன்றது. 1958இல் வந்த ஒரு படத்தில் சிறுமிகளைக் கொல்பவனாக வந்தார். காட்டுக்குள் கைப்பொம்மையை ஆட்டிக் குழந்தையை ஈர்க்கும் அந்த முகத்தில் கொடூரத்தைவிட அசட்டுத்தனமே மிகுதி. அதனாலேயே வயிற்றைக் கலக்கும். அந்த வேடம்தான் 1964இல் 'கோல்ட்ஃபிங்கர்' என்ற ஜேம்ஸ் பாண்ட் படத்தின் வில்லன் வாய்ப்பைத் தேடித் தந்தது. அதில் கேட்கும் ஆங்கிலக் குரல் அவருடையதன்று, மைக்கேல் காலின்ஸ் என்பவருடையது. ரொட்டிக்கு அட்டை நீட்டிய ஒட்டோ, உலகத் தங்கத்தையே வளைக்கப் பார்க்கும் பேராசைக்காரராகிவிட்டார்! குணச்சித்திர நடிகர் என்ற சொல்லுக்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

தமிழில் என்ன சொல்லலாம்? 'ஃபெர்ப்ரௌகர்' என்பதற்கு நேர்ச்சொல் 'நுகர்வோர்'. ஆனால் நுகர்தலுக்குத் துய்த்தல் என்ற பழம்பொருள் உண்டு. மணத்தை நுகர்கிறோம், இன்பத்தை நுகர்கிறோம். 1948இன் ஒட்டோவுக்குத் துய்க்க என்ன இருந்தது? அந்தக் காலத்தைப் பற்றி எழுதும்போது நம் ரேஷன் கடைச் சொல்லான 'அட்டைதாரர்' கச்சிதமாக அமர்கிறது. 'தாரர்' பாரசீக ஒட்டு என்று தயங்குவோர் 'பொது அட்டையாளர்' எனலாம்.

இன்றைய பொருளுக்குப் 'பாமரன்' கூடாது. அதில் படிக்காதவர் என்ற நிழல் விழுகிறது, ஒட்டோ ஆசிரியராகவும் இருக்கலாம். 'சாமானியன்' வடசொல் வழி வந்தது, பொருள் சரி. தனித்தமிழ் வேண்டுமென்றால் 'எளிய குடிமகன்'. பேச்சின் சூடு வேண்டுமென்றால் நம்மிடமே ஆள் இருக்கிறார்கள்: குப்பனும் சுப்பனும். 'இந்தக் காரைக் குப்பனும் சுப்பனும் வாங்க முடியாது' என்ற வாக்கியத்தில் ஒட்டோவைப் போட்டால் அப்படியே ஜெர்மன் வழக்காகிவிடும். ஒரே வேறுபாடு, குப்பன் சுப்பனில் சில சமயம் இளக்காரம் தொனிக்கும். ஒட்டோவில் தன்னைத்தானே கேலி செய்துகொள்ளும் பரிவு கூடுதல்.

ஒட்டோவுக்குப் பெண்பாலாக 'லீஷன் மியுல்லர்' வழங்குகிறது. மாதிரிப் படிவங்களில் காணும் 'மாக்ஸ் முஸ்டர்மன்' வேறு. அவர் வெற்றிடத்தை நிரப்பும் பெயர் மட்டுமே, அவருக்குப் பசி கிடையாது.