ஆணை யாருடையது? ஊராட்சி நிர்வாகத்தில் பிறரிடம் ஒப்படைக்க முடியாத அதிகாரங்கள்

ஊராட்சித் தலைவர் பதவி நீக்க வழக்குகளில், வழக்கறிஞரான என்னிடம் வரும் கட்சிக்காரர் முதலில் சொல்வது தம்மீதான குற்றச்சாட்டு பொய் என்பதைத்தான். நான் முதலில் கேட்பது, உறுப்பினர்களின் கருத்தறியும் கூட்டத்துக்குத் தலைமை வகித்தவர் வட்டாட்சியரா அல்லது அவர் அனுப்பிய துணை வட்டாட்சியரா என்பதை. 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தின் 205ஆம் பிரிவு, அந்தக் கூட்டத்துக்கு வட்டாட்சியரே தலைமை வகிக்க வேண்டும், வேறு எவரும் வகிக்கலாகாது என்கிறது. குறித்த நேரத்திலிருந்து அரை மணி நேரத்துக்குள் அவர் வராவிட்டால் கூட்டம் தள்ளிப்போகும். வர இயலாது என்று முன்பே தெரிந்தால், காரணத்தை எழுத்தில் பதிந்து வேறு தேதி குறிக்கலாம். தமக்குப் பதிலாக ஆள் அனுப்ப மட்டும் சட்டம் வழி வைக்கவில்லை. குற்றச்சாட்டின் நியாய அநியாயம் குறித்துப் பேசவோ வாக்களிக்கவோ உரிமையில்லாத ஒருவரின் நாற்காலியில் யார் உட்கார்ந்தால்தான் என்ன என்று அலுவலகங்களில் கேட்பதுண்டு. மக்கள் வாக்களித்து அமர்த்திய ஒருவரை இறக்கும் நடைமுறை என்பதால்தான், யார் நடத்த வேண்டும் என்பதைச் சட்டமன்றம் இவ்வளவு குறிப்பாக எழுதியிருக்கிறது. ஒரு செயலை இன்ன முறையில் செய்ய வேண்டும் என்று சட்டம் சொன்னால், அம்முறையில் மட்டுமே செய்ய வேண்டும் என்பது நசீர் அகமது வழக்கில் 1936இல், பிரிட்டிஷ் ஆட்சிக்கால உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் உறுதிசெய்த விதி.

அதற்காக, பதவி நீக்க ஆணையிடும் மாவட்ட ஆட்சியரே எல்லா வேலையையும் நேரில் செய்ய வேண்டும் என்பதில்லை. உதவி இயக்குநர் (ஊராட்சிகள்) கணக்குகளை ஆய்வு செய்து அறிக்கை தரலாம். வட்டார வளர்ச்சி அலுவலர் சாலையை அளந்து பார்க்கலாம். விசாரணையைப் பிறரிடம் ஒப்படைத்து முடிவைத் தாமே எடுப்பது செல்லும் என்று 1955இல் பிரத்யத் குமார் போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. சிக்கல், அறிக்கை வந்த பிறகு தொடங்குகிறது. ‘பார்வை’ என்ற தலைப்பில் ஏழெட்டுக் கடிதங்களை வரிசைப்படுத்திவிட்டு, தலைவர் கொடுத்த விளக்கத்தைப் பற்றி ஒரு சொல்லும் இல்லாமல், “உதவி இயக்குநரின் அறிக்கையினை ஏற்று ஆணையிடப்படுகிறது” என்று முடியும் செயல்முறை ஆணைகளை அடிக்கடி பார்க்கிறேன். கையொப்பம் ஆட்சியருடையதாக இருந்தாலும், முடிவு அவருடையதா என்ற கேள்வி அங்கே எழுகிறது. மேலிருந்து வந்த வாய்மொழி உத்தரவுக்குப் பணிந்து எடுத்த முடிவுக்கும் இதே கதிதான்: அந்தேரியில் திரையரங்கு கட்டக் கொடுத்த அனுமதியை, அரசு சொன்னது என்பதற்காகப் பம்பாய் காவல் ஆணையர் ரத்து செய்ததை, கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் 1951இல் ஏற்கவில்லை.

ஆணை நகலைப் படிக்கும்போது ஒரு குழப்பம் பலருக்கும் வருகிறது. கீழே “(ஓம்) மாவட்ட ஆட்சியர்”, அதாவது ஆட்சியர் ஒப்பமிட்டது என்று தட்டச்சாகி, அதன்கீழ் “ஆட்சியருக்காக” என்று நேர்முக உதவியாளர் மையில் கையொப்பமிட்டிருப்பார். இது அதிகாரத்தை மாற்றிக்கொடுத்தது ஆகாது. கோப்பில் ஆட்சியர் ஒப்பமிட்ட ஆணையின் நகலை அனுப்பும் வழக்கம்தான். ஆனால் கோப்பில் அப்படி ஓர் ஒப்பம் இருக்கிறதா என்பதைச் சரிபார்க்க வேண்டும். 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி அலுவலகக் குறிப்புப் பக்கங்களின் நகலையும் சேர்த்துக் கேளுங்கள். “ஓம்” இல்லாமலே ஒருவர் “ஆட்சியருக்காக” என்று ஒப்பமிட்டிருந்தால், வழக்கின் பாதி அங்கேயே இருக்கிறது.

காசோலை அதிகாரத்திலும் இதே நிலைதான். ஊராட்சிகள் சட்டத்தின் 188(3)ஆம் பிரிவின்படி ஊராட்சி நிதிக்கான காசோலையில் தலைவரும் துணைத் தலைவரும் சேர்ந்து ஒப்பமிட வேண்டும். ஒருவர் இல்லாதபோது மற்றவருடன் ஒப்பமிட வேண்டியவர், ஊராட்சிக் கூட்டத்தில் அதற்கென அதிகாரம் பெற்ற உறுப்பினர். தலைவருக்கும் துணைத் தலைவருக்கும் ஒத்துப்போகவில்லை என்றதும் ஆட்சியர்கள் அதே சட்டத்தின் 203ஆம் பிரிவைக் காட்டி வட்டார வளர்ச்சி அலுவலர் கைக்கு அதிகாரத்தை மாற்றிவிடுகிறார்கள். அந்தப் பிரிவு, பொதுமக்களின் பாதுகாப்புக்கு உடனே தேவைப்படும் ஒரு பணியை அவசர நிலையில் செய்விக்கத் தரப்பட்டது. குடிநீர்க் குழாய் உடைந்தால் அதைப் பயன்படுத்தலாம். காலவரையறை இல்லாமல் தலைவரை ஓரங்கட்ட அது இடம் தராது என்பது என் கருத்து.

தலைவர்களும் இதில் சுத்தமில்லை. இணையவழிப் பணப் பட்டுவாடாவுக்கான டிஜிட்டல் கையொப்ப டோக்கன் செயலரின் மேசை இழுப்பறையில் கிடக்கும், கடவுச்சொல் ஒரு துண்டுத்தாளில் அதனுடன் ஒட்டியிருக்கும். பெண் தலைவரென்றால் டோக்கன் கணவரின் சட்டைப்பையில் இருக்கும். தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 42ஆம் பிரிவு, டோக்கனில் உள்ள மின்னணுச் சாவியைத் தம் கட்டுப்பாட்டில் வைத்திருக்கும் கடமையைச் சான்றிதழ் பெற்றவர்மீதே சுமத்துகிறது. தணிக்கைத் தடை, அதாவது கணக்கில் தணிக்கையாளரின் ஆட்சேபணை, வரும்போது “எனக்குத் தெரியாமல் ஒப்பமிட்டுவிட்டார்கள்” என்று சொல்வது, அதிகாரத்தைக் கைவிட்டதற்குத் தாமே தரும் வாக்குமூலமாகிவிடும்.

அதிகாரமில்லாதவர் நடத்திய கூட்டத்தில் நீங்கள் வாய் திறக்காமல் இருந்ததால் அவருக்கு அதிகாரம் வந்துவிடாது. ஆனாலும் நீதிப்பேராணை மனுவில், உங்களுக்கு என்ன பாதிப்பு, அன்றே ஏன் சொல்லவில்லை என்று நீதிமன்றம் கேட்கும். ஆகவே துணை வட்டாட்சியர் வந்து அமர்ந்ததும் ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, மறுபிரதியில் தேதியோடு ஒப்புகை பெற்று, கூட்ட நடவடிக்கைக் குறிப்பிலும் அதைப் பதியச் சொல்லுங்கள். வாங்க மறுத்தால், அன்றே வட்டாட்சியருக்கும் ஆட்சியருக்கும் விரைவுத் தபாலில் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.