அவித்த கல்: ஏஏசி பிளாக்கைத் தமிழில் எப்படிச் சொல்வது?

தங்கை வீட்டு மாடிக்குச் சுவர் எழுப்பும் வேலையை நான்தான் கூட நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். கடைக்குப் போன் போட்டு, "ஆறு இஞ்ச் லைட்வெயிட் கல், ஐந்நூறு" என்று சொல்லிவிட்டேன். மறுநாள் காலை லாரி வந்து பாதிக் கல்லை இறக்கிய பிறகுதான் கொத்தனார் வந்தார். ஒரு கல்லைப் புரட்டினார், கரணை நுனியால் மூலையைச் சுரண்டினார், உடைந்த துண்டு ஒன்றை எடுத்து வெயிலில் சாய்த்துப் பார்த்தார். "சார், இது சிஎல்சி. நாம பேசினது ஏஏசி" என்றார். கடைக்காரரிடம் கேட்டால், "ரெண்டுமே லைட்வெயிட்தானே சார், நீங்க தெளிவாச் சொல்லலையே" என்கிறார். அவர் பக்கமும் நியாயம் இருந்தது. ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி, லாரி வாடகை எல்லாம் இரண்டு தடவை எங்கள் தலையில் விழுந்தன.

இரண்டும் சாம்பல் நிறம், இரண்டும் தண்ணீரில் மிதக்கும், இரண்டையும் ஒரு கையால் தூக்கலாம். பெயரில் வேறுபாடு இருக்கிறது, ஆனால் அது மூன்று ஆங்கில எழுத்துகளுக்குள் ஒளிந்திருக்கிறது. அந்த எழுத்துகளைப் பிரித்துப் பார்த்தால் ஏஏசி என்பது ஆட்டோக்ளேவ்டு ஏரேட்டட் கான்கிரீட். சிஎல்சி என்பது செல்லுலார் லைட்வெயிட் கான்கிரீட். இதற்குத் தமிழ் தேடுகிறவர்கள் பொதுவாக ஒவ்வொரு சொல்லையும் தனித்தனியே பெயர்த்து ஒட்டவைக்கிறார்கள். "காற்றூட்டப்பட்ட கற்காரைக் கட்டி" என்று வந்து நிற்கும். இலக்கணப்படி குறையில்லை. ஆனால் இந்தத் தொடரில் உள்ள மூன்று சொல்லில் இரண்டு உண்மை இல்லை.

முதலில் காற்று. 'ஏரேட்டட்' என்பதன் வேர் லத்தீன் 'ஏயர்'. கிரேக்கத்திலிருந்து போனது, பொருள் காற்று. கேட்கிறவர் ஏதோ குழாய் வைத்துக் காற்றை ஊதி ஏற்றுகிறார்கள் என்றுதான் நினைப்பார். நடப்பது வேறு. அனல்மின் நிலையச் சாம்பல் அல்லது நன்றாக அரைத்த மணல், சுண்ணாம்பு, சிமென்ட், கொஞ்சம் ஜிப்சம், தண்ணீர் எல்லாவற்றையும் கூழாகக் கரைத்து, அதில் அலுமினியத் தூளைக் கலக்கிறார்கள். நூறு கிலோவுக்கு நூறு கிராம்கூடத் தேவைப்படாது. சுண்ணாம்பின் காரமும் அலுமினியமும் சேர்ந்ததும் ஹைட்ரஜன் கிளம்புகிறது. அச்சில் பாதிக்குச் சற்று மேலே ஊற்றிய கூழ் குமிழிவிட்டு, பொங்கி, விளிம்புக்கு வந்து நிற்கிறது. தோசைமாவுப் பாத்திரத்தை இரவு மூடிவைத்துவிட்டுக் காலையில் திறந்து பார்த்த யாருக்கும் இந்தக் காட்சி புதிதில்லை. ஹைட்ரஜன் பிறகு மெல்லக் கசிந்து வெளியேறிவிடும். அந்தத் துளைகளில் வெளிக்காற்று வந்து குடியேறுகிறது. ஆக, காற்று கடைசியில் வந்த குடக்கூலிக்காரன். வீட்டைக் கட்டியவன் வேறு வாயு.

அடுத்தது கற்காரை. கான்கிரீட்டுக்கு இது அருமையான சொல். காரை என்றால் சுண்ணாம்புச் சாந்து. 'சுவரில் காரை பெயர்ந்துவிட்டது' என்று இன்றும் சொல்கிறோம். ஓடு வேயாமல் மட்டப்பா போட்ட வீடு காரைவீடு. அந்தக் காரையோடு ஜல்லி சேர்ந்தால் கற்காரை. கல்லும் காரையும். கோளாறும் அங்கேதான்: ஏஏசியில் ஜல்லியே கிடையாது. ஒரு பொடிக்கல்கூட இல்லை. 'கான்கிரீட்' என்ற சொல்லின் லத்தீன் மூலத்துக்குச் 'சேர்ந்து வளர்ந்து இறுகியது' என்று பொருள். அதனால் ஆங்கிலத்தில் எதைச் சேர்த்து இறுக்கினாலும் கான்கிரீட் என்று சொல்லிக்கொள்ளலாம். தமிழ்ச் சொல் உள்ளே என்ன கிடக்கிறது என்று காட்டிக்கொடுக்கும் சொல். கல் இல்லாத இடத்தில் அதைக் கொண்டுபோய் வைத்தால் பொய்யாகிவிடுகிறது.

மீதி இருப்பது 'ஆட்டோக்ளேவ்'. இதைத்தான் பெயர்ப்பவர்கள் வழக்கமாக விட்டுவிடுகிறார்கள். எனக்கோ இதுதான் உயிர்ச்சொல்லாகப் படுகிறது. கிரேக்க 'ஆட்டோ' என்றால் தானாக, லத்தீன் 'கிளாவிஸ்' என்றால் சாவி. உள்ளே ஆவி அழுத்தம் ஏற ஏறத் தன் மூடியைத் தானே இறுக்கிப் பூட்டிக்கொள்ளும் கலத்துக்குப் பிரெஞ்சுக்காரர்கள் வைத்த பெயர். ஆஸ்பத்திரியில் கத்தி, கத்தரிக்கோலைக் கிருமி போக அவிக்கும் பெட்டியும் அதுதான். நம் அடுப்படி பிரஷர் குக்கர் அதன் தம்பி. தொழிற்சாலையில் அது ரயில்பெட்டி நீளத்துக்குக் கிடக்கும் இரும்பு உருளை. பொங்கி இறுகிய பாளத்தைக் கம்பியால் வெட்டி, தள்ளுவண்டியோடு உள்ளே தள்ளி, 180 முதல் 190 டிகிரி செல்சியஸ் சூட்டில், வளிமண்டலத்தைப்போல் பத்துப் பன்னிரண்டு மடங்கு அழுத்தத்தில், எட்டு முதல் பன்னிரண்டு மணி நேரம் ஆவியில் வைக்கிறார்கள். சுண்ணாம்பும், சாம்பலிலோ மணலிலோ உள்ள சிலிக்காவும் கூடி டோபர்மோரைட் என்ற படிகமாக மாறுவது அப்போதுதான். வலு வருவது அங்கிருந்து. சிஎல்சிக்கு இந்தக் கொடுப்பினை கிடையாது. அதில் தனியாகத் தயாரித்த நுரையைச் சிமென்ட் கூழில் கலந்து அச்சில் ஊற்றி, சாதாரண கான்கிரீட்டைப்போலத் தண்ணீர் காட்டிப் பதமாக்குவார்கள். இந்தியத் தர நெறியும் இரண்டையும் பிரித்தே வைத்திருக்கிறது: ஐஎஸ் 2185-இன் 3-ஆம் பகுதி, 1984-இல் வந்தது, ஆவியில் வைத்ததற்கு, 4-ஆம் பகுதி, 2008-இல் வந்தது, நுரை கலந்ததற்கு.

ஏஏசியைக் கண்டுபிடித்தவர்கள் வைத்த பெயரைப் பார்த்தாலும் ஆவிதான் முன்னால் நிற்கிறது. 1920-களில் சுவீடனில் ஆக்செல் எரிக்சன் என்ற கட்டடக்கலைஞர் மரத்துக்கு மாற்று தேடினார். மரத்தைப்போல் குளிர் தாங்க வேண்டும், ரம்பத்துக்கு அறுபட வேண்டும், ஆனால் தீப்பிடிக்கவோ உளுக்கவோ கூடாது. 1929-இல் இக்ஸ்ஹுல்ட் என்ற ஊரில் உற்பத்தி தொடங்கியபோது சரக்கின் முழுப்பெயர், 'இக்ஸ்ஹுல்ட்டின் ஆவியில் இறுகிய வாயுக் கான்கிரீட்' என்ற பொருள்படும் சுவீடிஷ் தொடர். அந்தத் தொடரின் தலையையும் வாலையும் சேர்த்துச் சுருக்கியதுதான் 'இட்டோங்' என்ற வணிகப்பெயர். 'பிளாக்' என்ற சொல்லும் டச்சில் மரத்துண்டைக் குறித்ததுதான். மரத்துக்கு மாற்றாகப் பிறந்த சரக்கு மரத்துண்டின் பெயரையே சுமந்துகொண்டு திரிகிறது.

சுவீடன்காரர்கள் அதோடு ஒரு வம்பையும் விலைக்கு வாங்கினார்கள். அங்கே மூலப்பொருளாகப் பயன்பட்ட படிகாரப் பாறையில் யுரேனியமும் ரேடியமும் இருந்தன. நீலச்சாயல் கொண்ட அந்தக் கல்லால் கட்டிய வீடுகளுக்குள் ரேடான் என்ற கதிரியக்க வாயு கசிவது தெரியவந்து, 1975-இல் அந்தவகை உற்பத்தி நின்றது. இங்கே யாராவது 'ஏஏசியில் கதிர்வீச்சு' என்று பயமுறுத்தினால் கதை அங்கிருந்து கிளம்பியது என்று தெரிந்துகொள்ளலாம். இந்தியாவுக்கு ஏஏசி கல் 1970-களில் 'சைபோரெக்ஸ்' என்ற இன்னொரு சுவீடிஷ் பெயரோடு புனேக்கு வந்தது. ஜெர்மானியர்கள் முன்பு 'வாயுக் கான்கிரீட்' என்றார்கள். பிறகு அதைக் கைவிட்டுத் 'துளைக் கான்கிரீட்' என்று பொருள்படும் 'போரன்பெட்டோன்' என்பதற்கு மாறிவிட்டார்கள். சுவரில் இருப்பது துளை, வாயு போயே போய்விட்டது. சரியான திருத்தம்.

இனி நம் ஊர் வழக்கத்துக்கு வருவோம். சுவரில் வைக்கும் எதற்கும் தமிழில் ஒரே பொதுப்பெயர்தான்: கல். செங்கல், சேம்பர் கல், ஹாலோபிளாக் கல், சாம்பல் கல். பழைய காலத்தில் செங்கல்லுக்கு 'இட்டிகை' என்றும் ஒரு பெயர் வழங்கியது. 'இட்டிகை நெடுஞ்சுவர்' என்று அகநானூற்றின் 167-ஆம் பாட்டில் வருகிறது. வடமொழிச் சொல்லிலிருந்து வந்தது. மலையாளத்தில் 'இஷ்டிக', கன்னடத்தில் 'இட்டிகெ', தெலுங்கில் 'இட்டுக' என்று பக்கத்து வீடுகளில் எல்லாம் அது இன்றும் உயிரோடு இருக்கிறது. தமிழ் மட்டும் அதை மெல்ல மறந்துவிட்டுச் செம்மை நிறமான கல் என்று தன்போக்கில் சொல்லிக்கொண்டது. மண்ணைப் பிசைந்து செய்தது எப்படிக் கல்லாகும் என்று யாரும் வழக்குப் போடவில்லை. கல்லின் வேலையைச் செய்தால் கல்தான். அதனால் 'பிளாக்'குக்குக் கட்டி, பாளம் என்றெல்லாம் அலைய வேண்டியதில்லை.

செங்கல்லைச் சுற்றியுள்ள வினைச்சொற்களையும் பாருங்கள், பாதி அடுப்படியிலிருந்து வந்தவை. சூளையில் 'சுடு'கிறோம். 'கல்லு நல்லா வெந்திருக்கா' என்று தட்டிப் பார்க்கிறோம். வேகாதது பச்சைக்கல். செய்வதற்கு மட்டும் 'கல் அறுப்பது' என்று பெயர். அச்சில் அடிக்கிறார்களே தவிர யாரும் எதையும் அறுப்பதில்லை. விசித்திரம் என்னவென்றால், ஏஏசியை மெய்யாகவே அறுக்கிறார்கள். பொங்கிய பாளம் வெண்ணெய்ப் பதத்தில் இருக்கும்போது இழுத்துக் கட்டிய எஃகுக் கம்பிகள் அதன் ஊடே இறங்குகின்றன. கல்லின் முகத்தைச் சாய்வெயிலில் பார்த்தால் அந்தக் கம்பி ஓடிய மெல்லிய வரிகள் தெரியும். எங்கள் கொத்தனார் அன்றைக்குத் தேடியது அந்த வரியைத்தான்.

சுட்டது செங்கல். அப்படியானால் இது அவித்த கல். தமிழில் சுடுவதும் அவிப்பதும் ஒன்றாகாது. கிழங்கைச் சுடலாம், அவிக்கலாம். ருசி வேறு, பதம் வேறு. 'ஆட்டோக்ளேவ்டு' என்ற எட்டு மாத்திரைப் பூதத்தை 'அவித்த' என்ற ஒரு சொல் வீழ்த்திவிடுகிறது.

துளைக்கு 'புரை' என்ற சொல்லைப் பரிந்துரைப்பேன். புரையோடிய புண், புரை விழுந்த மரம் என்று உள்ளுக்குள் வெற்றிடம் கண்டதைக் குறிக்கும் சொல் அது. பழைய வீட்டுச் சுவரில் விளக்கு வைக்கும் குழிக்கு மாடப்புரை என்று பெயர் உண்டு. சுவருக்கு அந்நியமான சொல்லும் இல்லை. புரை என்றால் குற்றம் என்றும் பொருள் வருமே, குறளின் 'புரைதீர்ந்த நன்மை' அந்தப் பொருள்தானே என்று தமிழாசிரியர் ஒருவர் கையைத் தூக்கக்கூடும். உண்மைதான். ஆனால் சோறு உண்ணும்போது புரையேறினால் யாரோ நினைக்கிறார்கள் என்கிறோமே தவிர, குற்றம் ஏறிவிட்டது என்று யாரும் பதறுவதில்லை. 'நுரைக்கல்' என்பதை நான் வேண்டாம் என்பதற்குக் காரணம் எளிது. மெய்யாகவே நுரை ஊற்றிச் செய்வது சிஎல்சி. அந்தப் பெயர் அதற்கே சொந்தம். இது அவித்த புரைக்கல், அது நுரைக்கல். போனில் சொன்னாலும் குழப்பம் வராது. ராமேஸ்வரத்தில் தொட்டியில் மிதக்கவிட்டுக் காட்டும் கல்லும் ஒருவகைப் புரைக்கல்தான். அதை இயற்கை செய்தது.

பெயர் சரியாக இருந்தால் கையாளும் முறையும் கூடவே வந்துவிடும் என்று எனக்கு ஒரு நம்பிக்கை. சுட்ட கல் தாகம் பிடித்தது, கட்டுவதற்கு முன் தொட்டியில் ஊறப்போட வேண்டும். அவித்த கல்லை ஊறப்போட்டால் கெட்டது காரியம்: முகத்தில் பிரஷ்ஷால் ஈரம் காட்டினால் போதும். ஆவிக்கலத்திலிருந்து வந்த புதிதில் அதற்குள் ஏகப்பட்ட நீர் இருக்கும். அதோடு கட்டினாலும், மழையில் நனையவிட்டுக் கட்டினாலும், காய்ந்து சுருங்கும்போது சுவர் மயிரிழை மயிரிழையாக வெடிப்பு விடும். முதல் வரிக்குக் கீழே சிமென்ட் கலவை போட்டு ரசமட்டம் வைத்து உயிரைக் கொடுத்து மட்டம் பார்க்க வேண்டும். அதற்கு மேல் 2, 3 மில்லிமீட்டர் பசைதான். செங்கல் கட்டில் பத்து, பன்னிரண்டு மில்லிமீட்டர் கலவைக்குள் எந்தக் கோணலையும் ஒளித்துவிடலாம். இங்கே ஒளிக்க இடம் இல்லை. தூணும் சுவரும் சேரும் இடத்தில் வலை வைத்துப் பூச வேண்டும். ஒயர் பைப்புக்கு உளியும் சுத்தியலும் கொண்டு கொத்தவிடக் கூடாது, மெஷின் வைத்துக் காடி போட வேண்டும்.

600-க்கு 200-க்கு 150 மில்லிமீட்டர் கல் ஒன்று, கனமீட்டருக்கு 600 கிலோ என்ற அடர்த்தியில், உலர்ந்த நிலையில் ஏறக்குறைய 11 கிலோ. அதே அளவு இடத்தைச் செங்கல்லால் நிரப்பினால் 30 கிலோவைத் தாண்டும். பழைய வீட்டின் மேல் மாடி எடுக்கிறவர்கள் இதைத் தேடி வருவதன் காரணம் இதுதான். வலுவில் அது கருங்கல்லும் இல்லை, அப்பளமும் இல்லை: தர நெறி 551 முதல் 650 கிலோ அடர்த்திக்கு, முதல் தரத்தில் சதுர மில்லிமீட்டருக்கு 4 நியூட்டன் கேட்கிறது. சாதாரணச் செங்கல்லின் கடைசி வகுப்பே 3.5தான். டிவி மாட்டவும் கீசர் மாட்டவும் சாதா ஆணி நிற்காது, அதற்கென்று நீளமான நைலான் பிளக் வாங்க வேண்டும். இதைக் கடையில் யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை.

மாடி வேலை முடியும் தறுவாயில், சாரத்தில் நின்றிருந்த கொத்தனாரிடம் என் கண்டுபிடிப்பைச் சொன்னேன். "அவித்த புரைக்கல்." கைரம்பத்தால் கல்லை அறுத்துக்கொண்டிருந்தவர் நிறுத்திவிட்டு, வெட்டுவாயை விரலால் தடவிப் பார்த்தார். மாவுபோல் வெள்ளைத் தூள் ஒட்டியது. "பொரைக்கல்லு... நல்லாத்தான் இருக்கு சார்" என்றார். பிறகு ரம்பத்தைக் கையில் எடுத்துக்கொண்டே, "கடைக்குப் போன் பண்ணும்போது மட்டும் ஏஏசின்னே சொல்லிருங்க" என்றார்.